கண்டியின் மந்திரப் பள்ளிகள்

மாயவித்தை கற்பிக்கும் கலாசாலை ஒன்றைப் பற்றிய கதைகள் இன்று நம் மாணவரிடையே பெருவழக்காக உள்ளன. 1997இல் இங்கிலாந்தில் வெளிவந்த ஹாரி பொட்டர் நாவலும், அதன் தொடர்ச்சிகளும், அவற்றையொட்டி எழுந்த திரைப்படங்களும் மலைநாட்டுப் பாடசாலைகளின் பின்வாங்கு வரை வந்து சேர்ந்துவிட்டன. இக்கற்பனை புதியதன்று. ஸ்பெயின் தேசத்துச் சலமன்கா நகரிலே, பெயர் பெற்ற பல்கலைக்கழகத்தின் நிழலிலேயே, ஒரு குகையில் சாத்தான் மாணவரைக் கூட்டிவைத்து மந்திரம் கற்பித்தான் என்ற கதை ஐரோப்பாவில் நெடுங்காலம் வழங்கியது. கட்டணமாக மாணவரில் ஒருவனைச் சாத்தான் தன்னிடமே நிறுத்திக்கொள்வானாம். கல்விக்கு விலை கொடுப்பவன் யார் என்ற வினாவைக் கதை சொன்னவர்கள் மறக்கவில்லை என்பது கவனிக்கத்தக்கது.

அதே வினாவோடு நாம் கண்டி இராச்சியத்தை நோக்குவோம். மதிலும் மணிக்கூண்டும் கொண்ட மந்திரக் கலாசாலை எதுவும் மகாவலிக் கரையில் இருந்ததில்லை. ஆயினும் கோள்நிலை கணித்தல், நாட்பொருத்தம் பார்த்தல், விடம் இறக்குதல், பேயோட்டுதல், களிமண்ணில் கிரகத் தெய்வங்களை வனைதல், இரவெல்லாம் ஆடி நோய் தீர்த்தல் ஆகிய வித்தைகள் அங்கே ஒழுங்காகக் கற்பிக்கப்பட்டன. ஆசான் இருந்தான், மாணவன் இருந்தான், ஏட்டுச் சுவடி இருந்தது, பயிற்சி முடிந்ததும் தலையில் முடி சூட்டும் சடங்கும் இருந்தது. அக்கல்வியைத் தாங்கி நின்றது நிலம். அந்நிலத்தை உடைமையாகக் கொண்டவர் யார், அதில் பாடுபட்டவர் யார், பாடத்தை உயர்ந்தது தாழ்ந்தது என்று வகுத்தவர் யார் என்பவற்றை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

இவ்வித்தைகளின் பாடத்திட்டம் ஒன்று நமக்கு எழுத்திலேயே கிடைக்கிறது. அது ஒரு தடைப்பட்டியல் என்பதுதான் வேடிக்கை. பாளித் திரிபிடகத்தின் தீக நிகாயத்தில் முதலாவதாக அமைந்த பிரமஜால சூத்திரம், துறவி செய்யத்தகாத தொழில்களை ஒவ்வொன்றாக எடுத்துரைக்கிறது. அங்க இலக்கணம் பார்த்தல், கனவுப் பலன் கூறல், எலி கடித்த துணியைக் கொண்டு குறி சொல்லல், மனையடி சாத்திரம், பூத வித்தை, பாம்பு வித்தை, தேள் வித்தை, காக்கை கரைதலுக்குப் பொருள் சொல்லல், அம்பு தைக்காமற் காக்கும் மந்திரம், கிரகண பலன் கூறல் என நீண்டு செல்லும் அப்பட்டியலுக்கு அங்கே இடப்பட்ட பெயர் 'திரச்சான விச்சா', அதாவது விலங்கு வித்தை. ஈராயிரம் ஆண்டுகளுக்கு முன் இத்துணை விரிவாகத் தடைவிதிக்க வேண்டியிருந்தது என்றால், அவ்வித்தைகளைக் கொண்டு பிழைத்தோர் துறவிகளுள்ளும் மலிந்திருந்தனர் என்பதே பொருள். இலங்கையிலே 13ஆம் நூற்றாண்டில் எழுந்த தம்பதெனிக் கதிகாவதம் என்னும் சங்க விதிநூல் இன்னும் ஒரு படி மேலே சென்று, காவியம் நாடகம் முதலியவற்றையும் இழிந்த வித்தைகளாக எண்ணிப் பிக்குகள் கற்கவும் கற்பிக்கவும் கூடாது என்றது. மந்திரவாதியையும் கவிஞனையும் ஒரே வாயிலால் வெளியே தள்ளிய அவ்விதி, பிற்காலத்தில் நிகழப்போவதை முன்னறிவிப்பதுபோல இருக்கிறது.

மந்திரம் எப்போதும் அயலானுடையது என்று கருதுவது மனித இயல்பு. யாழ்ப்பாணத்தான் மட்டக்களப்பை அஞ்சினான்; அங்கே போனவனைப் பாயோடு ஒட்டவைத்துவிடுவார்கள் என்ற பேச்சு நம் எல்லோருக்கும் தெரிந்ததே. மட்டக்களப்பார் மலையாள மந்திரமே வலியது என்பர். சிங்கள மந்திரவாதிகளும் மலையாளத்தையே சுட்டுவர். அவர்கள் ஓதும் மந்திரங்களில் பாளி, வடமொழி, தமிழ், மலையாளச் சொற்கள் உருக்குலைந்து கலந்து கிடக்கின்றன. பொருள் விளங்காமையே அவற்றின் வலிமை. சிங்களத்தில் ஹூனியம் என வழங்குவது நம் சூனியமே. மட்டக்களப்பில் சடங்கு நடத்தும் கட்டாடியாரும் சிங்களக் கிராமத்துக் கட்டாடியாவும் ஒரே சொல்லின் இரு வடிவங்கள். இரு மக்களும் ஒருவர் மொழியை ஒருவர் வெறுத்தனர் என்று இன்று கதை கட்டுவோர், அவர்கள் தத்தம் நோயைத் தீர்க்க மற்றவர் மொழியை நாடினர் என்பதை வசதியாக மறந்துவிடுகின்றனர். தேசிக்காய் வெட்டும் கத்திக்கு இனம் இருந்ததில்லை.

கண்டி நாட்டின் இவ்வித்தைகளைக் குறித்து நமக்குக் கிடைக்கும் சிறந்த சாட்சியம் ஓர் ஆங்கிலேயக் கைதியினுடையது. 1660இல் கொட்டியாரப் பகுதியிற் பிடிபட்டு, பத்தொன்பது ஆண்டுகள் இரண்டாம் இராசசிங்கனின் நாட்டில் மறியற்பட்டுக் கிடந்து, 1679இல் அரிப்புக்குத் தப்பியோடிய இராபர்ட் நொக்ஸ் தன் நூலை 1681இல் இலண்டனில் வெளியிட்டான். தொப்பி பின்னி விற்றும், நெல்லைக் கடனாகக் கொடுத்து நூற்றுக்கு ஐம்பது வட்டி வாங்கியும் கண்டிக் குடியானவரிடையே காலங்கழித்தவன் அவன். ஆதலால் அரண்மனை வாயிலிலிருந்து பார்த்த தூதுவர்களுக்குத் தெரியாத பல செய்திகள் அவனுக்குத் தெரிந்தன. களவு போனால் மந்திரித்த தேங்காயிற் கோல் ஒன்றைச் செருகிப் பிடித்துக்கொண்டு, அது இழுக்கும் வழியே சென்று கள்ளனைக் காணும் முறையை அவன் விவரிக்கிறான். அதனினும் பன்மடங்கு முக்கியமான செய்தி, சாதிகளைப் பற்றி எழுதுமிடத்து அவன் போகிற போக்கிற் கூறிச் செல்வதாகும். சாதிப் படிவரிசையின் கீழ்ப்பகுதியில் வைக்கப்பட்ட நெசவாளரே அந்நாட்டின் சோதிடர். பிள்ளை பிறந்தால் நாளும் கோளும் எழுதிக் கொடுப்பவர் அவர். தேவாலயங்களிற் பறை கொட்டி, குழலூதி, ஆடுபவரும் அவரே. சூரிய சந்திர கிரகணங்களை அந்நாட்டார் முன்கூட்டியே சரியாகச் சொல்லினர் என்றும், தாளிப்பனை ஓலையிற் சிறு பஞ்சாங்கங்கள் எழுதப்பட்டன என்றும் அவன் குறிக்கின்றான்.

நொக்ஸ் சுட்டும் மக்களைச் சிங்களத்தில் பெரவா என்பர். பெர என்றால் பறை. ஒரு கையில் தறி, மறு கையிற் பறை, மனத்திலே கோள்களின் கணக்கு! வானசாத்திரம், நெசவு, இசை, நடனம், சிற்பம், மருத்துவம் ஆகிய அனைத்தையும் தன்னுள் அடக்கிய ஒரு கலாசாலையை நாம் கற்பனை செய்ய வேண்டியதில்லை. அது ஒரு சாதியின் குடிசைகளில் இருந்தது. அச்சாதியின் பிள்ளை உயர்குலத்தார் வீட்டில் இருக்கையில் அமர முடியாது. ஆனால் அவ்வீட்டார் விதைப்பதற்கும் மணம் முடிப்பதற்கும் அப்பிள்ளையின் தந்தை நாள் குறித்துக் கொடுக்க வேண்டும்.

இம்முரண்பாட்டின் வேர் நிலமானிய முறையில் உள்ளது. கண்டி இராச்சியத்திலே நிலம் சேவைக்காக வழங்கப்பட்டது. தேவாலயத்துக்குச் சொந்தமான வயலின் ஒரு பங்கை உழுது உண்பவன், குறித்த நாட்களிற் குறித்த பறையைக் கொட்டக் கடமைப்பட்டவன். அப்பங்குக்குச் சிங்களத்திலும் பங்குவ என்றே பெயர். நாத தேவாலயம், விஷ்ணு தேவாலயம், கதிர்காமத் தேவாலயம், பத்தினி தேவாலயம் என்னும் கண்டியின் நான்கு கோயில்களுக்கும், தலதா மாளிகைக்கும், நாடெங்கும் இத்தகைய சேவை நிலங்கள் இருந்தன. வித்தை பிள்ளைக்குச் செல்லாவிடில் வயலும் செல்லாது. ஆகவே தந்தை மகனுக்குக் கற்பித்தான். மாமன் மருமகனுக்குக் கற்பித்தான். அயலானுக்குக் கற்பிக்க மறுத்தான். மந்திரத்தின் மறைபொருள் என்று நாம் பக்தியோடு கூறுவது பெரும்பாலும் ஒரு வயற்பங்கின் பாதுகாப்பேயாகும்.

இவ்வாறு பூட்டி வைக்கப்பட்ட அறிவுக்கு என்ன நேரும் என்பதைத் தமிழ்நாட்டுச் சான்று ஒன்று தெளிவாகக் காட்டுகின்றது. ஜோன் வாரன் என்ற அதிகாரி 1825இல் சென்னையில் வெளியிட்ட கால சங்கலிதம் என்னும் நூலிலே, புதுச்சேரியைச் சேர்ந்த பஞ்சாங்கக் கணிதர் ஒருவரைப் பற்றி எழுதுகிறார். எழுதுகோலோ தாளோ இன்றி, தரையிற் சோழிகளைப் பரப்பி, மனப்பாடமாக வைத்திருந்த வாய்பாடுகளைக் கொண்டு, அவ்வாண்டு மே மாத இறுதியில் நிகழவிருந்த சந்திர கிரகணத்தை அவர் கணித்துக் காட்டினார். கிரகணம் தொடங்கும் வேளையில் அவருக்கு நேர்ந்த பிழை நான்கு நிமிடமளவே. முடியும் வேளையிற் பிழை பெரிது எனினும், சோழிக் கணக்குக்கு அது வியக்கத்தக்க வெற்றி. ஆனால் அவ்வாய்பாடு எங்ஙனம் பெறப்பட்டது என்பது அவருக்குத் தெரியாது. தெரிந்துகொள்ள வேண்டும் என்ற ஆவலும் அவரிடம் காணப்படவில்லை என்கிறார் வாரன். வாரனின் கூற்றில் அன்னிய அதிகாரியின் ஏளனம் சிறிது கலந்திருக்கலாம். எனினும் உண்மை அதில் இருக்கிறது. ஏன் என்று கேட்கும் மாணவனும், தன் விடையைத் திறந்த மன்றில் வைத்து வாதிடும் ஆசிரியனும் இல்லாத இடத்தில் கணிதம் சடங்காக உறைந்து போகிறது.

ஐரோப்பிய விஞ்ஞானி பிறவியிலேயே பகுத்தறிவாளன், நம்மவன் பிறவியிலேயே மந்திரவாதி என்று எண்ணுவோருக்கு ஒரு வார்த்தை. கோள்கள் நீள்வட்டத்திற் செல்கின்றன என்று கண்டறிந்த கெப்ளர், வாலென்ஸ்டைன் என்ற படைத்தலைவனுக்குச் சாதகம் கணித்தவர். அவருடைய தாய் சூனியக்காரி எனக் குற்றஞ்சாட்டப்பட்டுச் சிறையில் வாட, மகனே முன்னின்று வழக்காடி 1621இல் அவளை மீட்க நேர்ந்தது. மந்திரமும் வானவியலும் அங்கேயும் ஒரே கூரையின் கீழ்தான் வாழ்ந்தன. வேறுபாடு யாதெனில், சிறுவன் கெப்ளருக்கு உதவிப்பணம் தந்து படிக்கவைத்த பாடசாலையும் தியூபிங்கன் பல்கலைக்கழகமும் இருந்தன, அச்சுக்கூடம் இருந்தது, அவர் பிழையென்று நிரூபிக்க இன்னொரு நகரத்தில் ஒருவன் காத்திருந்தான். ஒல்லாந்தர் கொழும்பில் 1737இலேயே சிங்கள அச்சுப் புத்தகம் வெளியிட்டனர். மலைக்கு அப்பால் இருந்த கண்டி இராச்சியம் வீழும் வரை ஓலையிலேயே எழுதிக்கொண்டிருந்தது.

இனி விகாரைகளுக்குள் நுழைவோம். 18ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலே கண்டி நாட்டில் உபசம்பதை பெற்ற பிக்குகள் அற்றுப் போயினர். முதலாம் விமலதர்மசூரியன் காலத்திலும், பின்னர் 1697இல் இரண்டாம் விமலதர்மசூரியன் காலத்திலும் அரக்கான் தேசத்திலிருந்து பிக்குகளை வருவித்து, பேராதனைக்குச் செல்லும் வழியிலுள்ள கெட்டம்பேயில் உபசம்பதைச் சடங்கு நடத்தப்பட்டது. சில பத்தாண்டுகளுக்குள் அப்பரம்பரையும் தேய்ந்தது. விகாரைகளில் எஞ்சி நின்றவர் கணின்னான்சே எனப்பட்டோர். முழுத் துறவும் இன்றி, முழு இல்லறமும் இன்றி, சீவரத்தின் ஒரு துண்டைத் தோளிலிட்டு, குடும்பத்தைப் பேணி, விகாரை வயலை மருமகனுக்கு விட்டுச் சென்றவர்கள் இவர்கள். மருத்துவம், சோதிடம், மந்திரம் என்பனவே இவர்களின் தொழில். பிற்கால மதவரலாற்று நூல்கள் இவர்களைக் கேடுகெட்டவர் என்றே வருணிக்கின்றன. ஆனால் அந்நூல்களை எழுதியோர் வெற்றி பெற்ற கட்சியினர் என்பதை நாம் நினைவிற் கொள்ளவேண்டும். காய்ச்சல் கண்ட குடியானவனின் வாயிலில் வந்து நின்றவர் இக்கணின்னான்சேக்களே. அவர்கள் இல்லையேல் அக்கிராமத்தில் எழுத்தறிந்தோர் எத்தனை பேர் இருந்திருப்பர்?

இந்நிலையிற்றான் வெலிவிட்ட சரணங்கரர் தோன்றுகிறார். 1698இல் தும்பனைப் பகுதியிற் பிறந்து இளமையிலே சாமணேரரான இவர், புத்தர் மொழியைப் புத்தர் மொழியிலேயே படிக்க விரும்பினார். பாளி இலக்கணம் கற்பிக்க நாட்டில் ஆளில்லை. அரச தண்டனைக்குட்பட்டு ஓரிடத்திற் காவலில் வைக்கப்பட்டிருந்த லெவ்கே என்ற பிரபு சிறிது அறிந்தவர் என்று கேள்வியுற்று, அவரிடம் சென்று வேற்றுமை உருபுகளைப் படித்துக்கொண்டார் என்பர். பின்னர் ஒத்த கருத்துடைய இளைஞரைச் சேர்த்துச் சில்வத் சமாகமம் என்ற சங்கத்தை அமைத்தார். நிலத்தின் வருவாயை நம்பாது பிச்சையேற்று உண்பது, மந்திரம் சோதிடம் செய்யாதிருப்பது, கற்பது, கற்பிப்பது என்பன அதன் நோன்புகள். அவர்கள் பழைய விகாரைத் தலைவர்களுக்குத் தலைவணங்க மறுத்தனர். அம்மறுப்பில் இருந்த துணிவை நாம் மதிக்கவேண்டும். சிறீ விசய இராசசிங்கனின் ஆதரவில் நியமகந்தையில் இவர் நடத்திய பள்ளியிலிருந்து அத்தரகம இராசகுரு பண்டார, திப்பொட்டுவாவே புத்தரக்கிதர் முதலிய அறிஞர் தோன்றினர். சரணங்கரர் தாமே பாளி மருத்துவ நூலான பேசச்ச மஞ்சூசைக்குச் சிங்கள உரை எழுதினார். விலங்கு வித்தைகளை வெறுத்த அவருக்கும் மருத்துவத்தைக் கைவிட மனம் வரவில்லை.

1741, 1747, 1750 ஆகிய ஆண்டுகளில் ஒல்லாந்தரின் உதவியோடு சயாமை நோக்கி மூன்று தூதுகள் புறப்பட்டன. முதற்றூது கப்பலோடு கடலில் மூழ்கியது. இரண்டாவது பயனின்றித் திரும்பியது. மூன்றாவது அயுத்தியாவை அடைந்து உபாலி தேரரையும் பிற பிக்குகளையும் அழைத்து வந்தது. 1753 ஆடிப் பூரணையன்று கண்டி மல்வத்தை விகாரையில் உபசம்பதை மீண்டும் நிறுவப்பட்டது. சயாம் நிகாயம் பிறந்தது. இதற்குப் பொருளும் படையும் தந்தவன் தென்னிந்திய நாயக்கர் குலத்துக் கீர்த்திசிறீ இராசசிங்கன் என்பது நம் வாசகர் அறிந்ததே. திருநீறு அணிபவன் என்று அவனை வெறுத்த பிரதானிகள் 1760இல் அவனைக் கொல்லச் சதி செய்தனர். சமணக்கொடி அதிகார் சிரச்சேதம் செய்யப்பட்டான். சதியில் தொடர்புபட்ட சரணங்கரரும் சிறைப்பட்டு, பின்னர் மன்னிக்கப்பட்டுச் சங்கராசர் பதவியை மீண்டும் பெற்றார். தன் உயிருக்கு உலைவைத்த கழகத்துக்கே மன்னன் தொடர்ந்து வயல்களை வழங்கினான். அரசியல் என்பது அதுதான்.

நியமகந்தைப் பள்ளி எவரையும் கல்லாதே என்று தள்ளவில்லை; ஆனால் அதன் வெற்றி ஒரு கதவை அடைத்தது. கதிகாவதங்கள் பிக்குகளைச் சோதிட மந்திரத் தொழில்களிலிருந்து விலக்கின. கீர்த்திசிறீயின் ஆட்சியிலேயே, உபசம்பதை கொவிகம என்னும் உயர்ந்த வேளாண் சாதியாருக்கு மட்டுமே என்ற வழக்கமும் நிலைபெற்றது. இவ்விரண்டையும் சேர்த்து நோக்குமிடத்து விளைவு தெளிவாகும். ஏடு மேலே சென்றது. கைத்திறன் கீழே நின்றது. பாளி இலக்கணம் விகாரையின் சொத்தாகி மரியாதை பெற்றது. கோள் கணக்கும் களிமண் சிற்பமும் பறையின் தாளமும் பெரவாக் குடிசையிற் கிடந்து இழிவு பெற்றன. இனி அக்கணக்குக்குக் காரணம் கேட்கக்கூடிய மாணவன் அக்கணக்கைக் கற்கவே மாட்டான். அதைக் கற்கும் மாணவன் காரணம் கேட்கும் மன்றில் நுழையவே முடியாது. பிக்குகள் சோதிடத்தை உண்மையில் முற்றாகக் கைவிட்டனரா என்றால், இல்லை. தடை ஏட்டில் இருந்தது, பஞ்சாங்கம் மடியில் இருந்தது. விலக்கப்பட்டவை வித்தைகள் அல்ல, வித்தைக்காரர்களே.

கரையோர மக்கள் இதற்கு ஒரு விடை கண்டனர். கறுவாத் தொழிலால் பொருளீட்டிய சலாகம சாதியைச் சேர்ந்த அம்பகஹபிட்டியே ஞானவிமலர், தம் சாதித் தனவந்தரின் உதவியோடு பர்மாவுக்குக் கப்பலேறி, 1800இல் அமரபுரத்தில் உபசம்பதை பெற்று, 1803இல் திரும்பி வந்து அமரபுர நிகாயத்தை நிறுவினார். மன்னனின் கட்டளையை வர்த்தக மூலதனம் சுற்றிக்கொண்டு போய்விட்டது எனலாம். மலைநாட்டுப் பறையாளனுக்கு அத்தகைய தனவந்தன் எவனும் இல்லை. அவனிடம் இருந்ததெல்லாம் தேவாலய வயலில் ஒரு பங்கு.

1815இல் கண்டி வீழ்ந்தபின் வந்த ஆங்கிலேயர் தம்மை அறிவொளியின் தூதராகக் கருதினர். அவர்களுடைய அறிவொளியின் அளவைக் காண மன்னார்க் கடலுக்கு ஒருமுறை சென்றுவர வேண்டும். முத்துக் குளிப்போரைச் சுறாவிடமிருந்து காக்கும் கடல்கட்டிகளுக்கு எடுத்த முத்தில் இருபதில் ஒரு பங்கு கொடுக்கப்பட்டது என்று 13ஆம் நூற்றாண்டில் மார்க்கோ போலோ எழுதினான். ஆறு நூற்றாண்டுகளின் பின், 1859இல் நூல் வெளியிட்ட எமர்சன் தெனந்த், கடல்கட்டி இன்னும் அரசாங்கச் செலவிலேயே அமர்த்தப்படுகிறான் என்றும், அப்போதைய தலைமைக் கடல்கட்டி ஒரு கத்தோலிக்கன் என்றும் கூறுகிறார். மந்திரம் ஓதாவிடிற் கூலியாள் கடலில் இறங்கான். கூலியாள் இறங்காவிடில் முத்து இல்லை. வருமானத்துக்கு உதவும் மூடநம்பிக்கையை எந்த அரசாங்கமும் திருத்த முற்பட்டதில்லை.

கண்டியிலும் அவ்வாறே. 1832இல் இராசகாரியம் ஒழிக்கப்பட்டது என்று நம் பாடநூல்கள் புகழ்கின்றன. கோயில் நிலங்களுக்கு அவ்வொழிப்புப் பொருந்தாது என்பதை அவை சிறிய எழுத்திற் கூடச் சொல்வதில்லை. 1870ஆம் ஆண்டுச் சட்டம் வந்த பின்னரே சேவைக்குப் பதிலாகப் பணம் செலுத்தும் வழி திறந்தது. அதற்குள் மலைகளின் காடுகள் அழிந்து கோப்பித் தோட்டங்களாகியிருந்தன. தென்னிந்தியாவிலிருந்து நம் மக்கள் கால்நடையாகக் கொண்டுவரப்பட்டிருந்தனர். அவர்கள் தம் முனியாண்டியையும் மாடசாமியையும் உடன் கொண்டு வந்தனர். போதாதவற்றை இங்கேயே ஆக்கிக்கொண்டனர். தேயிலைத் தொழிற்சாலையின் சக்கரத்தைக் காக்க ரோதமுனி, கவ்வாத்துக் கத்தி காலில் படாமற் காக்கக் கவ்வாத்துச்சாமி! ரோதை கையை இழுத்துக்கொண்டால் நட்ட ஈடு இல்லாத இடத்தில் மனிதன் ரோதைக்குப் பொங்கலிடாமல் வேறு யாது செய்வான்?

சடங்கினுள் இருந்த கலை மட்டும் விற்பனைக்கு உகந்ததென்று கண்டுபிடிக்கப்பட்டது. கொஹொம்ப கங்காரியா என்பது விசயன் குவேனிக்கு இழைத்த துரோகத்தால் அவன் வழிவந்த மன்னனைப் பற்றிய நோயைத் தீர்க்க ஆடப்பட்டது என்று ஐதிகம் கொண்ட பெருஞ்சடங்கு. அச்சடங்கின் ஆட்டமே இன்று உலகெங்கும் கண்டிய நடனம் எனப் பெயர் பெற்றிருக்கிறது. பா சரம்ப எனும் பாதப் பயிற்சியில் தொடங்கி, பல ஆண்டு உழைப்பின் பின் நல்ல நாளில் வெஸ் என்னும் வெள்ளித் தலையணியைச் சூடுவதோடு மாணவன் ஆடலாசான் ஆகிறான். யானை, மயில், நாகம் முதலியவற்றின் இயல்பை ஆடும் பதினெட்டு வன்னங்களின் பெயர் நம் வண்ணத்தை நினைவூட்டுவது. 1934இல் இலங்கை வந்த தாகூர் இந்நடனத்திற் பெரிதும் ஈடுபட்டார். 1944இல் சித்திரசேனா கொழும்பில் நடனப் பள்ளி தொடங்கினார். பின்னர் அரசாங்கப் பாடசாலைகளில் அது பாடமாயிற்று. இதை நாம் வரவேற்கிறோம். குலத்தொழிலாக அடைபட்டிருந்த வித்தை எல்லாப் பிள்ளைகளுக்கும் திறந்துவிடப்படுவது முன்னேற்றமே. ஆயினும் ஆட்டம் தேசியச் சொத்தானபோது ஆடியவனின் சாதி தேசியச் சொத்தாகவில்லை. வேறு சாதியார் நடன ஆசிரியராகி வேதனம் பெற்றனர். பறையாளனின் மகன் தன் பரம்பரைப் பெயரை மாற்றிக்கொண்டு நகரத்தில் எழுதுவினைஞர் வேலை தேடினான். அவனைக் குறைகூற நமக்கு உரிமையில்லை.

பகுத்தறிவு பேசுவோர் சிலர் இவற்றையெல்லாம் மூடத்தனம் என்று ஒரே சொல்லில் முடித்துவிடுவர். நம் நாட்டிற் பாடசாலை ஆசிரியராயிருந்த ஆபிரகாம் கோவூர், அற்புதம் செய்து காட்டுவோருக்கு ஓர் இலட்சம் ரூபா தருவதாக 1963இல் விடுத்த அறைகூவலை 1978இல் அவர் மறையும்வரை எவரும் வெல்லவில்லை. அத்தொண்டு பெரிது. ஆனால் அறைகூவல் அடியார்களை ஏன் குறைக்கவில்லை என்பதற்கு விடை வேறிடத்தில் உண்டு. பேராதனையில் ஆசிரியராக விளங்கிய கணநாத் ஒபயசேகர, 1975இல் எழுதிய கட்டுரையொன்றில் சூனியம் வைப்பதற்கு மக்கள் நாடும் மூன்று தலங்களை ஆராய்ந்தார்: தெற்கே சீனிகமைத் தேவாலயம், மேற்கே முன்னேச்சரத்துக் காளி கோயில், கண்டிக்கு அண்மையில் கம்பளைப் பகுதியிலே கஹட்டபிட்டிய முஸ்லிம் தலம். பௌத்தன் இந்துக் காளியிடமும் முஸ்லிம் பெரியாரின் அடக்கத்திடமும் சென்று முறையிட்டான். அவன் கொண்டு சென்றவை களவு, காணித் தகராறு, ஏமாற்று, நம்பிக்கைத் துரோகம் ஆகிய முறைப்பாடுகள். அவை பொலிஸ் நிலையத்திலும் நீதிமன்றிலும் தீர்ந்திருக்க வேண்டியவை.

மேலே உள்ளோரின் கதை வேறு. 2015 சனவரியில் நடந்த சனாதிபதித் தேர்தலின் நாள் சோதிடரைக் கேட்டு முன்கூட்டியே குறிக்கப்பட்டது, குறித்தவர் தோற்றார். 2020 டிசம்பரில் கேகாலை மாவட்டத்தில் ஒருவர் கொவிட் நோய்க்கு மருந்தெனக் காய்ச்சிய பாணியைச் சுகாதார அமைச்சர் உட்பட அரசியற் பிரமுகர் பருகிக் காட்ட, ஆயிரக்கணக்கான ஏழைகள் நோய் பரவும் காலத்தில் நெருக்கியடித்து வரிசையில் நின்றனர். அடுத்த மாதமே அமைச்சரை அந்நோய் பற்றியது. பிரமுகருக்கு வைத்தியசாலைக் கட்டில் காத்திருந்தது. வரிசையில் நின்றவருக்கு எது காத்திருந்தது என்பதை எந்தச் செய்தித்தாளும் பின்தொடர்ந்து எழுதவில்லை.

1952இல் இலங்கைப் பல்கலைக்கழகம் பேராதனைக்குப் பெயர்ந்தது. ஹந்தானை மலைச்சாரலில், ஒரு காலத்திற் கோப்பியும் தேயிலையும் விளைந்த மண்ணிலே, உண்மையான கலாசாலை எழுந்தது. 1945இல் வந்த இலவசக் கல்வியின் கனி அது. கிராமத்துப் பிள்ளைகள் அதன் வாயிலில் நுழைந்தனர். அதே மலையின் மறுபக்கத்துத் தோட்ட லயங்களில் வாழ்ந்த பிள்ளைகளோ, 1948இற் குடியுரிமை பறிக்கப்பட்ட பெற்றோருக்குப் பிறந்து, ஒரே அறையும் ஒரே ஆசிரியரும் கொண்ட தோட்டப் பள்ளியில் ஐந்தாம் வகுப்போடு நின்றனர். அப்பள்ளிகளை அரசாங்கம் பொறுப்பேற்கத் தொடங்கியது 1970களிலேதான். கெட்டம்பேயில் சீவரம் பெற்றோரின் சாதியை வினவிய நாடு, பேராதனை வாயிலில் வேறொரு பத்திரத்தை வினவியது.

பறையாளர் குடிசைகளில் இருந்த சுவடிகளில் ஒரு பெரும் பகுதி இன்று கண்டியில் இல்லை. இலங்கைச் சிவில் சேவையில் இருந்த ஹியூ நெவில், நாடெங்கும் திரட்டிய இரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட ஓலைச்சுவடிகளை இங்கிலாந்துக்குக் கொண்டு சென்றார். 1904இல் பிரித்தானிய அரும்பொருட்சாலை அவற்றை வாங்கிற்று. பலிக் கவிகள், கங்காரியாப் பாடல்கள், விடவைத்தியம், நாட்கணக்கு, மந்திரங்கள் என எல்லாம் அவற்றுள் அடங்கும். கே. டி. சோமதாச 1987 முதல் 1995 வரை ஏழு தொகுதிகளில் அவற்றுக்கு அட்டவணை செய்தார். சுவடிகள் இப்போது இலண்டனில், பிரித்தானிய நூலகத்தில் உள்ளன.